லெப்டொப்புக்கு மாப்பிள்ளை பார்த்த மாமி

"ஆரு அவன்?"

மாமி முதலில் கேட்பது அதைத்தான். வாசலில் புது மீன்காரன் வந்து நின்றாலும் அதுதான், தெரியாத நம்பரிலிருந்து அழைப்பு வந்தாலும் அதுதான், லெப்டொப்பின் மூலையில் ஒரு சின்னப் பெட்டி எழும்பி எதையோ புதுப்பிக்கட்டுமா என்று கேட்டாலும் அதுதான். "ஆரு அவன்? எந்த ஊரான்? என்னத்தக் கேக்கிறான்?" பெட்டி பதில் சொல்லுமா? என்னைத்தான் கூப்பிடுவார்.

நான் மருதமுனையிலிருந்து சாய்ந்தமருதுக்கு மாப்பிள்ளையாக வந்தவன். எங்கள் பக்கத்தில் வீடு பெண்ணுக்கு உரியது. மாப்பிள்ளை உடுப்புப் பெட்டியோடு வந்து சேருகிறவன். ஆகவே ஒருவனை உள்ளே எடுக்க முன்னர் விசாரிப்பதில் தவறே இல்லை, ஒத்துக்கொள்கிறேன். ஆனால் மாமி என்னை விசாரித்த விசாரிப்பு இருக்கிறதே, அது கொஞ்சநஞ்சமல்ல. பள்ளிவாசலில் கேட்டார். நான் படிப்பிக்கிற பாடசாலையில் கேட்டார். எனக்கு முடி வெட்டுகிறவரின் மனைவியிடம் கேட்டார். கடைசியில் கைத்தறிச் சாரி வாங்க வந்தவர் போல எங்கள் வீட்டுக்கே வந்து, அடுக்கிலிருந்த சாரிகளையெல்லாம் விரித்துப் பார்த்து, ஒன்றும் வாங்காமல், தண்ணீர் கேட்கிற சாட்டில் குசினி வரை போய்ப் பார்த்துவிட்டுத் திரும்பினார். என் உம்மா இன்றைக்கும் சொல்லிச் சிரிப்பார்: "சாரி வாங்க வந்த பொம்புள, 'உங்கட மகன் கோவம் வந்தா கோப்பைய எறிவாரா' எண்டு கேட்டுப்போட்டுப் போறா!"

ஊருக்குள் மாமிக்கு அதில் பெரிய பெயர். யாராவது மகளுக்கு மாப்பிள்ளை பேசினால், முடிவு சொல்ல முன்னர் மாமியிடம் வந்துவிடுவார்கள். மாமி ஒரு பகல் வெளியே போய் வருவார். அடுத்த நாள், "குடி நல்ல குடி, தாய் நல்ல தாய், பொடியன்தான் நித்திரக்காரன்" என்று தீர்ப்பு வரும். மாமி மௌத்தாகி இரண்டு வருஷமாகிறது. இப்போதும் கலியாணப் பேச்சு நடக்கும் வீடுகளில் "அவ இரிந்திருந்தா ஒருக்கா கேட்டிரிக்கலாம்" என்கிறார்கள்.

இவ்வளவு விசாரித்து எடுத்த மருமகனோடு அவர் நேரே கதைத்தாரா என்றால், அதுவும் இல்லை. அந்த வீட்டில் மாமியும் மருமகனும் முகம் பார்த்துக் கதைக்கும் வழக்கம் கிடையாது. கதவுச் சீலைக்கு அந்தப் பக்கம் நின்று என் மனைவியிடம் சொல்வார். இந்தப் பக்கம் நான் எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டு கேட்காதவன் போல இருப்பேன். பிறகு மனைவி வந்து அதையே சொல்வாள். நானும் முதல்முறை கேட்பவன் போல, "ஓ, அப்படியா?" என்பேன். மூன்று பேருக்கும் இது நாடகம் என்று தெரியும், ஆனால் யாரும் கலைக்கவில்லை. அதைக் கலைத்தது லெப்டொப்தான்.

லெப்டொப் என் மனைவியுடையது. அவள் வெளிவாரியாகப் பட்டப்படிப்புப் படித்துக்கொண்டிருந்தாள். கடைசி வருட ஆய்வுக் கட்டுரை அதற்குள் இருந்தது. கைத்தறி நெய்யும் பெண்களின் வீடு வீடாகப் போய்ப் பேசி, வெயிலில் கறுத்து, எழுதி எழுதி அழித்த கட்டுரை. "உம்மா, என்ட உசிரு இதுக்குள்ளதான் இரிக்கி" என்று ஒருநாள் சும்மா சொல்லிவிட்டாள். மாமி அதைச் சும்மா எடுக்கவில்லை. அன்றிலிருந்து அந்த மேசைக்கு மாமி காவல். தேத்தண்ணிக் கோப்பை கிட்டப் போகக் கூடாது, ஈரக் கை படக் கூடாது, மூடியைச் சத்தமாகச் சாத்தக் கூடாது.

காவலுக்கு நிற்பவர் சும்மா நிற்பாரா? மகள் ஒரு வரி எழுதுவதற்குள், "இது என்ன புள்ள, அது என்ன புள்ள" என்று நாலு கேள்வி. தாங்க முடியாமல் மனைவி என்னிடம், "உம்மாக்கு ஒரு விளையாட்டப் போட்டுக் குடுங்க, நான் எழுதாத நேரம் அதப் பாத்திட்டு இரிக்கட்டும்" என்றாள். வயல் செய்கிற விளையாட்டு ஒன்று இருக்கிறது என்றதும் கதவுச் சீலை ஆடியது. மாமாவின் வயற்காணி இரண்டு மகள்மாருக்கும் சீதனமாகப் போய், குத்தகைக்காரன் கையில் இருந்தது. மாமா இருந்த காலத்தில் வரம்பில் நின்று ஆட்களை ஏவி வேலை வாங்கியவர் மாமி. பிறகு அவருக்கு ஏவ ஆளில்லை, நாங்கள் இருவரும்தான்.

தேடினேன். ஒரு பக்கம் திறந்தது. பச்சைப் பொத்தான்கள், ஒவ்வொன்றும் மின்னி மின்னி 'டவுன்லோட், டவுன்லோட்' என்றது. நான் ஒன்றைத் தொடப் போனேன்.

"மகன், அதத் தொடாதீங்க!"

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. மாமி சீலையை விலக்கிக்கொண்டு இந்தப் பக்கம் வந்து என் தோளுக்குப் பின்னால் நிற்கிறார். அவர் என்னிடம் நேரே சொன்ன முதல் வார்த்தை அதுதான்.

"இவ்வளவு பெரிசாக் கத்துறவன் மாப்புள இல்ல, தரகன். மாப்புள எங்கயாவது மூலைல ஒதுங்கி நிப்பான், தேடிப் பாருங்க."

தேடினேன். கீழே, மங்கலான சின்ன எழுத்தில் உண்மையான இணைப்பு கிடந்தது! மற்றதெல்லாம் விளம்பரம். மாமிக்கு அதிலும் திருப்தி இல்லை.

"இது ஆர்ட வீடு? அவன்ட சொந்த வீடா, இடையில ஆரும் வெச்சிக் காட்டுற வீடா?"

விளையாட்டைச் செய்த கம்பனி வேறு, இந்தத் தளம் வேறு, இவர்கள் எடுத்துக் கொடுக்கிறவர்கள்தான் என்றேன்.

"அப்ப அவன்ட உம்மா வீட்டுக்குப் போவம். மாப்புளய உம்மா வீட்டிலதான் பாக்கோணும்."

அன்றிலிருந்து எங்கள் வீட்டில் எந்த மென்பொருளையும் அதன் உம்மா வீட்டில்தான் இறக்குவோம். செய்தவனின் சொந்தத் தளத்துக்கு என் மனைவிகூட இன்றுவரை அந்தப் பெயரைத்தான் சொல்கிறாள்.

பிறகு ஆட்களின் கருத்துகளை வாசிக்கச் சொன்னார். ஒரு விளையாட்டுக்கு எல்லோரும் ஐந்து நட்சத்திரம் கொடுத்திருந்தார்கள். "வேணாம். ஒரு குறையும் சொல்லாட்டி, எழுதினது அவன்ட சாச்சா பெரியப்பா" என்று தள்ளினார். இன்னொன்று பெரிய விளையாட்டு, ஆனால் இறங்கி வந்த கோப்பு கையளவுகூட இல்லை. "ஆள் வரல்ல மகன், ஆள்ட செருப்பு வந்திரிக்கி. அழிங்க." மூன்றாவது ஒன்று, கெமரா வேண்டும், மைக் வேண்டும், நாம் இருக்கிற இடம் தெரிய வேண்டும் என்று வரிசையாகக் கேட்டது. மாமிக்கு ரோஷம் வந்துவிட்டது. "வயல் செய்ய வாறவனுக்கு மைக் என்னத்துக்கு? சீதனம் கேக்கிற மூஞ்சப் பாரு! போகச் சொல்லுங்க."

கடைசியில் ஒன்று தேறியது. வைரஸ் பார்க்கும் மென்பொருளுக்கு மாமி காவல்காரன் என்று பெயர் வைத்திருந்தார். இறங்கிய கோப்பைக் காவல்காரன் சோதித்து முடியும் வரை எழும்பாமல் இருந்தார். நிறுவும்போது, தேடுபொறி ஒன்றையும் வேறு சிலதையும் சேர்த்துப் போடட்டுமா என்று கட்டங்களில் சரி அடையாளம் போட்டுத் தயாராக வைத்திருந்தது. நான் வழக்கப்படி 'அடுத்து, அடுத்து' என்று அமுக்கப் போனேன். மாமி திரையில் விரலை வைத்தார். "இவனுகள் ஆரு?"

"கூட வாறவங்க மாமி."

"மாப்புள மட்டும் வரட்டும். தோழன்மார் இஞ்ச தங்க ஏலா."

எல்லாச் சரி அடையாளத்தையும் எடுத்தேன். கடைசியாக, கணக்குத் திறக்க ஒரு மின்னஞ்சல் முகவரி கேட்டது. திறந்தால் பண்ணை தொலையாமல் கம்பனியிடமும் ஒரு பிரதி இருக்கும் என்று சொல்லிப் பார்த்தேன். "வீட்டில கொமருப் புள்ள இரிந்த காலத்திலயே நான் விலாசம் குடுக்கல்ல. இப்ப குடுக்கிறதா?" என்று முடித்துவிட்டார். கணக்கு இல்லாமலும் விளையாடலாம் என்று இருந்தது. அப்படியே விட்டோம்.

மத்தியான ளுஹர் தொழுகைக்கும் பின்னேர அஸர் தொழுகைக்கும் நடுவில் மாமியின் வயல் நேரம். திரையில் விளைந்தது சோளம். மாமிக்கு அது வேளாண்மைதான், வயலில் நிற்கிற நெல்தான். ஒற்றை விரலால் தடவித் தடவி விதைப்பார், தண்ணீர் பாய்ச்சுவார். திரையில் ஓடித் திரிகிற பொம்மைக் கூலியாட்களை, "கெதியா நடவன்டா, தூங்கித் தூங்கி நடக்கான்" என்று ஏசுவார். அறுவடை விழுந்தால், "அல்ஹம்துலில்லாஹ்" என்று உரத்த குரலில் சொல்வார். மகளுக்குச் சோறு போடும்போதுகூட, "கோழிக்கூட்ட இன்னும் பெரிசாக்கோணும்" என்பார். எது உண்மைக் கோழி, எது திரைக் கோழி என்று எனக்கே சிலநேரம் குழம்பும்.

ஒருநாள் ஒரு கட்டம் தாண்டினார். வாணவேடிக்கை காட்டி, பண்ணைக்கு இரண்டு பன்றிகளைப் பரிசாகக் கொடுத்தது விளையாட்டு.

"யா றப்பே! மகன், ஓடி வாங்க, பண்டி வந்திரிக்கி!"

நான் முற்றத்துக்கு ஓடினேன். பிறகுதான் திரும்பி லெப்டொப்புக்கு வந்தேன். இளஞ்சிவப்பாக இரண்டு, வேலியோரம் நின்று வாலை ஆட்டின. விற்றுவிடுங்கள் என்றேன். "பண்டிய வித்த காசில மாட்டுக்குப் புல்லு வாங்கவா? அதுவும் ஹறாம்." அழித்துவிடலாமா என்றால் அதற்குப் பொத்தான் இல்லை. தீனி போடாமல் விட்டார். அவற்றின் தலைக்கு மேல் வெள்ளைக் குமிழி ஒன்று வந்து, அதற்குள் சோளக் கதிர் படம் தெரிந்தது. பசிக்கிறதாம். கத்தவும் தொடங்கின. மாமி சத்தத்தை நிறுத்தினார். சத்தம் நின்றது, குமிழி நின்றபாடில்லை. அந்தப் பக்கம் பார்க்காமலே வயல் செய்தார். ஆனாலும் கண் போய்விடும்.

பள்ளிவாசல் மௌலவியிடம் கேட்டு வரச் சொன்னார். நான் போய், கம்பியூட்டரில் பன்றி வளர்ப்பதைப் பற்றிக் கேட்டேன். அந்த நல்ல மனிதர் என்னை மேலும் கீழும் பார்த்துவிட்டு, "படம்தானே தம்பி, அதக் கணக்கெடுக்காம விடுங்க" என்றார். மாமிக்கு அது போதவில்லை. "அவருக்கென்ன, அவர் இதுகள்ட முகத்தப் பாக்கல்லயே."

இப்படி இருக்கையில்தான், லெப்டொப்பிலும் திறந்து வைத்திருந்த மாமியின் வட்சப்பில், பெண்கள் குழுமத்தில் ஒரு இணைப்பு வந்தது. பன்றி இல்லாத பண்ணை விளையாட்டாம். பச்சை நிறம், பிறை, நடுவில் அரபியில் 'ஹலால்' என்று முத்திரை. நான் பாடசாலையில், மனைவி நூலகத்தில். மாமி தனியாக இருந்தார்.

என் மாமி! மருமகனின் தலைமுடி வரை விசாரித்தவர்! அந்த முத்திரையைக் கண்டதும் ஒன்றும் கேட்கவில்லை. உம்மா வீடு எது என்று பார்க்கவில்லை, கருத்து வாசிக்கவில்லை, எத்தனை தோழன்மார் கூட வருகிறார்கள் என்று எண்ணவில்லை. காவல்காரன் சிவப்புப் பெட்டி காட்டிக் குறுக்கே நின்றிருக்கிறான். அவனை எப்படி நிறுத்துவதென்று அந்தத் தளமே படம் போட்டு, அம்புக்குறி வைத்துக் காட்டியிருந்தது. மாமி அம்புக்குறிப்படி நிறுத்திவிட்டார். ஏன் மாமி என்று பிறகு கேட்டேன். "நம்மட ஆக்கள் வாறண்டா கேற்றத் திறந்துதானே விடுற?" என்றார்.

நிறுவியதும் ஒன்றும் நடக்கவில்லை. பண்ணையும் வரவில்லை, பன்றியும் வரவில்லை. அப்படியே விட்டுவிட்டு அஸர் தொழுதார். தொழுது முடியும்போது நிந்தவூரிலிருந்து இரண்டு பெண்கள் வந்தார்கள். மகளுக்கு அக்கரைப்பற்றில் ஒரு மாப்பிள்ளை பேசியிருக்கிறார்களாம், மாமி விசாரித்துச் சொல்ல வேண்டுமாம். மாமி தேத்தண்ணி கொடுத்து, கால் நீட்டி உட்கார்ந்து, ஒருவனை உள்ளே எடுக்க முன்னர் என்னவெல்லாம் பார்க்க வேண்டும் என்று விளக்கத் தொடங்கினார். அந்த நேரம் பார்த்து அறைக்குள்ளிருந்து டமடமவென்று பாட்டு எழும்பியது. பாட்டுக்கு மேலே ஒரு பெண், ஆங்கிலத்தில், கொஞ்சிக் கொஞ்சிச் சிரிக்கிறாள்!

மாமி ஓடினார். திரை முழுக்கச் சூதாட்டச் சக்கரம் சுற்றுகிறது, பக்கத்தில் அரைகுறை உடுப்போடு ஒருத்தி கண்ணடிக்கிறாள். மூடத் தெரியவில்லை. மேசைச் சீலையை இழுத்து மூடினார். சீலைக்குள்ளிருந்து அவள் சிரித்தாள். தலையணையைத் தூக்கி மேலே வைத்தார். தலையணைக்குள்ளிருந்தும் சிரித்தாள்.

"ஆருகா உள்ளுக்கு?" என்று கேட்டார் நிந்தவூர்ப் பெண்களில் ஒருவர்.

"மருமகன்" என்றார் மாமி. "இங்கிலீசு படிக்கிறாரு."

சரியாக அந்த நிமிஷம்தான் நான் மோட்டார் சைக்கிளை நிறுத்திவிட்டு, தலைக்கவசத்தோடு வாசலால் நுழைந்து ஸலாம் சொன்னேன். இரண்டு பெண்களும் என்னைப் பார்த்தார்கள். அறையைப் பார்த்தார்கள். தேத்தண்ணியைப் பாதியில் வைத்துவிட்டு எழும்பினார்கள்.

நான் உள்ளே போய் ரவுட்டரின் வயரைப் பிடுங்கினேன். சிரிப்பு நின்றது. திரையில் பெட்டிக்கு மேல் பெட்டி. மனைவியின் கட்டுரை இருந்த கோப்புறையைத் தொட்டுப் பார்த்தேன், திறக்கவில்லை. என்னையறியாமல் என் வாயில் வந்தது:

"ஆரு அவன் மாமி?"

மாமி சுவரோடு ஒட்டி நின்றார். "நம்மட ஆக்கள் எண்டு நினைச்சன் மகன்."

அடுத்த கிழமை கட்டுரை கொடுக்க வேண்டும். மனைவி வந்தாள், பார்த்தாள், கோப்புறையைத் தொட்டாள், லெப்டொப்பை மூடினாள். சத்தம் போட்டிருந்தால் நன்றாக இருந்திருக்கும். மாமி அவளுக்குப் பிடித்த இறால் சுண்டல் செய்து கொண்டுபோய் வைத்தார். தொடவில்லை. மாமியும் சாப்பிடவில்லை. நான் இறாலைப் பார்த்துக்கொண்டு பசியோடு படுத்தேன்.

காலையில் கல்முனைக்குப் போனோம், லெப்டொப் திருத்துகிற கடைக்கு. கூப்பிடாமலே மாமியும் ஆட்டோவில் ஏறிவிட்டார். கடைக்காரரைக் கண்டதும் "ஆரு அவன்?" வரும் என்று காத்திருந்தேன். வரவில்லை. மூலைக் கதிரையில் கைப்பையை மடியில் வைத்துக்கொண்டு இருந்தார். அவர் யாரையும் விசாரிக்காமல் இருந்து நான் கண்டதில்லை. எனக்குப் பாவமாகப் போய்விட்டது.

கடைக்காரர் தட்டித் தட்டிப் பார்த்தார். "கன ஆக்கள் உள்ளுக்கு வந்திட்டாங்க சேர். இதத் துப்புரவா அழிச்சுப்போட்டுத்தான் புதுசாப் போடோணும். முக்கியமான சாமான் இரிக்கா?"

"என்ட கட்டுரை இரிந்த" என்றாள் மனைவி. "பரவாயில்ல, அது எங்களுக்குப் படிப்பிக்கிற சேர்ட்ட இரிக்கி. கிழமைக்குக் கிழமை மெயில்ல அனுப்பிட்டு வந்தன். கடைசி ரெண்டு பக்கம்தான் இல்ல, எழுதலாம்."

மாமி நிமிர்ந்தார். "அல்ஹம்துலில்லாஹ்! இத நேத்துச் சொல்லியிருந்தா நான் ஒரு புடி சோறு தின்டிரிப்பனே புள்ள!"

"ஒரு நாளாவது நீங்க யோசிக்கட்டும் எண்டுதான் சொல்லல்ல" என்றாள் மகள். உம்மாவின் மகள்தான்.

"அப்ப வேற ஒண்டும் இல்லயே, அழிக்கட்டா?" என்றார் கடைக்காரர்.

நான்தான் மெல்ல, விளையாட்டு ஒன்று இருக்கிறது, அதில் ஒரு பண்ணை இருக்கிறது என்றேன்.

"கணக்குத் திறந்திரிந்தா திரும்ப வரும். இல்லாட்டி இதோட போகும். இதுக்குள்ள இரிந்து ஒண்டையும் வெளிய எடுக்க மாட்டன் சேர், சீக்கும் சேர்ந்து வரும்."

கணக்கு இல்லை. விலாசம் கொடுக்க விடாதவர் மூலையில் இருந்தார். எங்களுக்கு அவரைப் பார்க்கவே கஷ்டமாக இருந்தது.

"வயலும் போகுமா தம்பி?"

"போகும் உம்மா."

மாமி எழும்பி வந்து மேசைக்கு முன்னால் இருந்தார். "எனக்கு அஞ்சு நிமிசம் தாங்க. வேளாண்மை வெட்டுக்கு நிக்கிது."

கடைக்காரர் என்னைப் பார்த்தார். நான் தலையாட்டினேன். இணைய இணைப்பு இல்லாததால் வேறு பெட்டி எதுவும் எழும்பவில்லை, பண்ணை திறந்தது. மாமி ஒற்றை விரலால் ஒவ்வொரு பாத்தியாக வெட்டினார். ஒன்றையும் விற்கவில்லை, எல்லாவற்றையும் களஞ்சியத்தில் சேர்த்தார். கோழிகளுக்குப் போட்டார். மாடுகளுக்குப் போட்டார். மனைவி போய் அவர் பக்கத்தில் நின்று தோளில் கை வைத்தாள். அவளுடைய கோபம் எங்கே போனதென்று தெரியவில்லை.

எல்லாம் முடிந்ததும் மாமியின் விரல் வேலியோரம் போய் நின்றது. கொஞ்ச நேரம் அந்த இரண்டையும் பார்த்தார். பிறகு களஞ்சியத்திலிருந்து சோளத்தை எடுத்து அவற்றின் முன்னால் போட்டார். வெள்ளைக் குமிழிகள் மறைந்தன.

"பசியோட அனுப்பக் கூடா" என்றார். கதிரையைப் பின்னால் தள்ளி எழும்பினார்.

"இப்ப அழிங்க தம்பி."